மூலநூல் சொன்னதும் நாம் சொல்ல வைப்பதும்

நாகர்கோவிலில் ஆய்வு மாணவர்களுக்கு நெறியாளராக இருந்துவரும் எனக்கு, ஏறக்குறைய ஒவ்வோர் ஆண்டும் ஏதேனும் ஓர் ஆய்வேட்டின் முதல் இயலில் எதிர்ப்படும் தொடர் ஒன்று உண்டு: ‘700 காவதம் பரந்திருந்த லெமூரியாக் கண்டம் கடலில் மூழ்கியதைச் சிலப்பதிகாரம் கூறுகிறது.’ குமரிமுனைக்கு அருகில் பிறந்து வளர்ந்த பிள்ளைகள், தம் ஊர்ப்பெயர் பழைய நூலில் இருக்கும் பெருமையோடு இதை எழுதுகிறார்கள். அந்த உணர்வை மதிக்கிறேன். ஆயினும் அடிக்குறிப்பில் ‘சிலப்பதிகாரம்’ என்று மட்டும் இருந்தால், நூலைக் கொண்டுவந்து அந்த இடத்தை வாசித்துக் காட்டும்படி கேட்பேன்.

வாசிக்கும்போதுதான் சிக்கல் தெரியவரும். காடுகாண் காதையின் 19, 20ஆம் அடிகள், பஃறுளியாற்றோடு பல மலைகளின் அடுக்கத்தையும் குமரிக்கோடு என்னும் மலையையும் கடல் கொண்டது என்பதோடு நின்றுவிடுகின்றன. 700 காவதம் என்ற அளவும் 49 நாடுகள் என்ற கணக்கும், பல நூற்றாண்டுகள் கழித்து வந்த உரையாசிரியர் அடியார்க்கு நல்லார் வேனிற்காதை உரையில் தருபவை. லெமூரியா என்ற பெயரோ, மடகாஸ்கருக்கும் இந்தியாவுக்கும் இடையிலான விலங்கின ஒற்றுமையை விளக்குவதற்காகப் பிலிப் ஸ்கிளேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் ஊகித்த நிலப்பரப்புக்கு 1864இல் அவரே இட்டது. கண்டங்கள் நகர்வது உறுதிப்பட்ட பிறகு நிலவியலாளர்கள் அந்த ஊகத்தையே கைவிட்டுவிட்டார்கள். வெவ்வேறு காலத்து மூன்று குரல்களை ஒரே வாக்கியத்தில் அடைத்து, மூன்றையும் இளங்கோவடிகளின் வாயில் வைத்துவிடுகிறோம். இவற்றில் எதையும் விலக்கும்படி நான் சொல்வதில்லை. எது காப்பியத்தின் கூற்று, எது உரையாசிரியரின் கூற்று, எது பிற்கால இணைப்பு என்று பிரித்து எழுதினால், அந்தக் கருத்து எப்படி வளர்ந்தது என்பதே நல்லதோர் ஆய்வுப் பொருளாகிவிடும்.

இப்பிழையின் வேர் பெரும்பாலும் சோம்பல் அன்று. மாணவர் பார்த்தது வேறொருவர் ஆய்வேட்டை. அடிக்குறிப்பில் எழுதுவது மூலநூலின் பெயரை. மூலம் கிடைக்கவில்லை என்றால், தாம் பார்த்த நூலைக் குறித்து ‘மேற்கோள் வழி’ என்று எழுதுவதில் இழுக்கு ஒன்றுமில்லை. பார்க்காததைப் பார்த்ததாகக் காட்டினால், முதலாமவர் செய்த அச்சுப்பிழையும் கூடவே வந்துசேரும்.

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு விதிமுறைகள், ஆய்வேட்டின் வாசகம் பிறர் எழுத்தோடு 10 விழுக்காடு வரை ஒத்திருந்தால் தண்டனை விதிப்பதில்லை. அந்த எல்லைக்குள் வருவதற்காகச் சிலர் கல்வெட்டு வரியிலேயே சொற்களை மாற்றிக் கொண்டுவருவது எனக்கு மிகுந்த வேதனை தருகிறது. மேற்கோள் குறிக்குள் இட்டு, உரிய குறிப்போடு எடுத்தாண்ட பகுதியை அவ்விதிமுறைகளே கணக்கிலிருந்து நீக்கிவிடுகின்றன என்பதை அவர்களுக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

நம் மாவட்டத்துக் கல்வெட்டுகளில் கேரளத்து ஆண்டுக்கணக்கான கொல்லம் ஆண்டு மிகுதி. அது ஆவணியில் பிறப்பதால், அதை ஆங்கில ஆண்டாக மாற்ற, ஆண்டுப் பிறப்பு முதல் டிசம்பர் இறுதி வரையுள்ள நாளுக்கு 824ஐயும், அதன்பின் வரும் நாளுக்கு 825ஐயும் கூட்ட வேண்டும். கல்லில் உள்ள ஆண்டை முதலில் தந்து, மாற்றிய ஆண்டை அடுத்துத் தருவதே முறை. கூட்டலில் தவறு நேர்ந்தாலும் படிப்பவர் திருத்திக்கொள்ள இயலும்.

வில்லுப்பாட்டை ஆராய்வோருக்குப் பொறுப்பு இன்னும் கூடுதல். ஒரே கதையை அகஸ்தீஸ்வரம் பக்கத்துப் புலவர் பாடுவது போல விளவங்கோட்டுப் புலவர் பாட வேண்டியதில்லை. ஒருவரே இரண்டு கோயில் கொடை விழாக்களில் இரண்டு விதமாகப் பாடவும் கூடும். ஆகவே எந்த ஊர்க் கொடை, எந்த நாள், பாடியவர் யார், பதிவு செய்தவர் யார் என்ற நான்கையும் ஒலிப்பதிவு முடிந்த அன்றிரவே குறிப்பேட்டில் எழுதிவிடும்படி என் மாணவர்களிடம் சொல்லி வருகிறேன். பாடியவரின் ஒப்புதலைப் பெற்ற பின்னரே அவர் பெயர் அடிக்குறிப்பில் ஏறுகிறது.