வால்பேப்பருக்காக அட்மின் அனுமதியைக் கொடுத்துவிடாதீர்கள்

பழைய நெட்புக்குகள் (விலை குறைந்த குட்டி லேப்டாப்கள்) இன்னும் சர்வீஸுக்கு வந்துகொண்டுதான் இருக்கின்றன. பலவற்றில் இருப்பது விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர். டெஸ்க்டாப்பில் ரைட் கிளிக் செய்தால் ‘பெர்சனலைஸ்’ என்ற வரியே வராது. பிள்ளையின் படத்தை வால்பேப்பராக வைக்க வழியில்லை; ஜன்னல் ஓரங்கள் கண்ணாடி போலத் தெரியும் ‘ஏரோ’ தோற்றமும் கிடையாது.

கம்ப்யூட்டருக்குச் சக்தி போதவில்லை என்று பலர் நினைக்கிறார்கள். வால்பேப்பர் விஷயத்தில் அது காரணமே இல்லை. விலை குறைந்த கருவிகளுக்காக மைக்ரோசாஃப்ட் 2009இல் கொடுத்த பதிப்பு இது: 32-பிட் மட்டும், ராம் 2 ஜிபி வரை. ஒரே நேரத்தில் மூன்று புரோகிராம்கள்தான் ஓடும் என்ற கட்டுப்பாட்டையும் முதலில் வைத்திருந்தார்கள். வெளியீட்டுக்கு முன்பே கைவிட்டார்கள். வால்பேப்பர் பூட்டு அப்படியே நின்றுவிட்டது. காசு கொடுத்து, மேல்பதிப்புக்கு மாற்றும் ‘எனிடைம் அப்கிரேட்’ கீ வாங்கிப் போட்டவர்களுக்கு அதே கருவியில் பூட்டு திறந்தது.

ஆக, ஆசையில் தப்பில்லை. அதை நிறைவேற்றும் வழியில்தான் ஆபத்து. இந்தப் பூட்டைத் திறப்பதாகச் சொல்லி இணையத்தில் கிடைக்கும் ‘அன்லாக்கர்’ புரோகிராம் ஒன்றைத் திறந்தால், முதலில் ஆன்டிவைரஸை நிறுத்தச் சொல்லும். அப்புறம் அட்மின் அனுமதி, அதாவது சிஸ்டத்தில் எதையும் மாற்றும் உரிமை, கேட்டு மஞ்சள் பட்டையோடு ஒரு பெட்டி வரும். ‘பப்ளிஷர்: அன்நோன்’ என்றிருக்கும். அங்கே ‘யெஸ்’ அழுத்திய நொடியில், யார் எழுதியது என்றே தெரியாத புரோகிராமுக்கு முழுக் கம்ப்யூட்டரும் திறந்துவிடுகிறது. படம் மாறும், அது உண்மைதான். கூடவே பிரவுசரின் முகப்புப் பக்கமும் மாறியிருக்கும். கேட்காத டூல்பார்கள் உட்கார்ந்திருக்கும். வெளியே தெரிவது இவ்வளவுதான். பாஸ்வேர்டு திருடும் புரோகிராம் வந்திருந்தால் கண்ணுக்கே தெரியாது.

விண்டோஸ் எக்ஸ்பி காலத்திலும் இதே கதைதான். வெளியார் செய்த தீம்களுக்காக, தோற்றத்தைக் கவனிக்கும் விண்டோஸின் சொந்தக் கோப்பான யூஎக்ஸ்தீம்.டிஎல்எல்லையே மாற்றினார்கள். கம்ப்யூட்டரில் இருக்கும் சர்வீஸ் பேக்குக்கு (விண்டோஸின் பெரிய அப்டேட் தொகுப்பு) பொருந்தாத கோப்பைப் போட்டால் டெஸ்க்டாப் வரை போகாமலே சிஸ்டம் நின்றுவிடும்.

பூட்டை உடைக்காமலே எழுத்தின் அளவு, மவுஸ் பாயின்டர் இரண்டையும் கண்ட்ரோல் பேனலில் மாற்றலாம். அதற்கு மேல் அழகு வேண்டுமென்றால் என் சிபாரிசு, விண்டோஸுக்குப் பதிலாகப் போடக்கூடிய, ஆன்டிஎக்ஸ் போன்ற எடை குறைந்த லினக்ஸின் 32-பிட் பதிப்பு. வால்பேப்பர், தீம் எல்லாம் உங்கள் இஷ்டம். விண்டோஸ் 7க்கான பொதுவான பாதுகாப்பு அப்டேட்டுகள் 2020 ஜனவரி 14ஆம் தேதியே நின்றுவிட்டன. இணையத்துக்குப் போகும் கருவியில் அதை வைத்திருப்பதே சரியில்லை.

ஏற்கெனவே அன்லாக்கர் போட்டுவிட்டீர்களா? நெட்டைத் துண்டியுங்கள். கோப்புகளைப் பிரதி எடுங்கள், ஆனால் இஎக்ஸ்இ (புரோகிராம்) கோப்பு எதையும் எடுக்காதீர்கள். பிறகு சிஸ்டத்தை ஃபார்மட் செய்யுங்கள். மெயில், வங்கி பாஸ்வேர்டுகளை வேறொரு கருவியிலிருந்து இன்றைக்கே மாற்றிவிடுங்கள்.