24 டிகிரியில் உறைந்த சாலட்

மாசி மாதத்து ஞாயிற்றுக்கிழமை நண்பகல். கோபிசெட்டிபாளையத்தில் எங்கள் வீட்டுச் சமையலறை வெப்பமானி 30 டிகிரி காட்டியது. கோயம்புத்தூரிலிருந்து வாங்கி வந்த பேக்கனை (பதப்படுத்திய பன்றிக்கறியை) வறுத்து, அது விட்ட கொழுப்பில் வினிகரும் அரைத்த கடுகும் கலந்து, குளிர்பெட்டியிலிருந்து எடுத்த பாலக்கீரை மேல் சுடச்சுட ஊற்றினேன். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. இலைகளின் மேல் வெள்ளை வெள்ளையாகத் திப்பிகள் ஒட்டிக்கொண்டன. வாயில் போட்டால் மேலண்ணத்தில் மெழுகு பூசியதுபோல் ஒரு படலம். விசிறி போட்டும் வியர்க்கிற அறையில் ஒரு கொழுப்பு உறைகிறது என்றால் யார் நம்புவார்கள்?

என் அம்முச்சி (அம்மாவின் அம்மா) பன்றிக்கறி தொடமாட்டார். ஆனால் யார் எதைச் சமைத்தாலும் பக்கத்தில் நின்று பார்ப்பார். கிண்ணத்தை எட்டிப் பார்த்துவிட்டு, “இது தாளிப்புத்தானே கண்ணு? கடுகை ஏன் வெடிக்கவிடாமல் அரைத்து ஊற்றினாய்?” என்றார். அந்தக் கேள்விக்குப் பிறகு வருகிறேன். முதலில் அந்த வெள்ளைத் திப்பிகள்.

சாலட் மேல் ஊற்றுகிற இந்தச் சூடான கலவை, டிரெஸ்ஸிங், நம்முடையது அல்ல. தென் ஜெர்மனியில் உருளைக்கிழங்கு சாலட்டுக்கு இப்படிப் பன்றிக் கொழுப்பும் வினிகரும் சேர்ப்பதுண்டு. அங்கிருந்து அமெரிக்காவின் பென்சில்வேனியாவுக்குக் குடியேறியவர்களின் வழித்தோன்றல்கள் வசந்த காலத்து டான்டிலயன் கீரை மேல் இதை ஊற்றிச் சாப்பிடுகிறார்கள். பிரான்சின் லியோன் நகரத்தில் கசப்புக் கீரையும் வறுத்த பேக்கன் துண்டுகளும் அரைவேக்காட்டு முட்டையும் ஒரே தட்டில் வரும். குளிர்நாட்டுச் சமையல் இது; நம் ஊருக்குக் கொண்டுவந்தால் கணக்குச் சற்று மாறும்.

பெருந்துறை, ஈரோட்டுப் பக்கம் சாலையோர வெண்பன்றிக் கடைகளைப் பார்த்தவர்களுக்குப் பன்றிக் கொழுப்பு அந்நியம் அல்ல. ஆனால் அங்கே கிடைப்பது பச்சைக் கறி. பேக்கன் என்பது பன்றியின் வயிற்றுக் கறியில் உப்பும் நைட்ரைட்டும் ஏற்றி, பெரும்பாலும் புகையும் காட்டியது. நைட்ரைட்டிலிருந்து பிறக்கும் நைட்ரிக் ஆக்சைடு, தசைக்குச் சிவப்பு நிறம் தரும் மயோகுளோபின் என்ற புரதத்தில் உள்ள இரும்போடு பிணைந்துகொள்கிறது. வறுத்த பிறகும் பேக்கன் இளஞ்சிவப்பாக நிற்பதற்குக் காரணம் அதுதான். நம் உப்புக்கண்டத்தில் உப்பும் மஞ்சளும் வெயிலும் மட்டுமே இருப்பதால் அது பழுப்பாகிவிடுகிறது. உப்புக்கண்டம் போடுகிற கைதானே என்று நைட்ரைட்டை வீட்டில் அளக்கத் துணியாதீர்கள். அளவு தவறினால் நஞ்சு. பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் பட்டியலில் உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை 2015-இல் சேர்த்தது. எனவே இது என்றைக்காவது ஒருநாள் சமையல். இன்னொன்று: பொட்டலப் பேக்கன் பெரும்பாலும் வேகாதது. பன்றி இறைச்சியை அரைவேக்காட்டில் விடக் கூடாது என்பது நாடாப்புழுவை நினைத்துச் சொல்லப்படுகிற எச்சரிக்கை.

இனி வாணலிக்கு வருவோம். அதைக் காயவைத்துப் பேக்கனைப் போட்டால் காரியம் கெடும். கொழுப்பு மெல்லிய கொலாஜன் சுவர்களுக்குள், கோடிக்கணக்கான செல்களில் அடைபட்டிருக்கிறது. சுவர்கள் இளகிக் கொழுப்பு வெளியேற நேரம் வேண்டும். சூடான வாணலியில் மேல்தோல் கருகிவிடும், உள்ளே கொழுப்பு சிறைப்பட்டே கிடக்கும். அதனால் ஆறிய வாணலியில் துண்டுகளைப் பரப்பி, இரண்டு கரண்டி தண்ணீர் தெளித்து, அடுப்பைச் சிறு தீயில் வைக்க வேண்டும். தண்ணீர் இருக்கும்வரை வாணலியின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. அதற்குள் கொழுப்பு உருகி வழியத் தொடங்கிவிடும். தண்ணீர் வற்றிய பிறகு சூடு ஏறி, 140 டிகிரிக்கு மேல் புரதமும் சர்க்கரையும் சேர்ந்து பொன்னிறமாகும். 1912-இல் இதை விவரித்த பிரெஞ்சு வேதியியலாளர் மெயிலார்டின் பெயரால் மெயிலார்டு வினை என்கிறார்கள். பேக்கன் சுருள்வதும் இந்த நேரத்தில்தான். தசை சுருங்குகிற அளவுக்குக் கொழுப்புப் பட்டை சுருங்குவதில்லை.

புகையின் மணத்தைத் தரும் பீனால்கள் கொழுப்பில் நன்றாகக் கரைபவை. அதனால் டிரெஸ்ஸிங்கின் ருசி மொறுமொறுத் துண்டுகளில் இருப்பதைவிட வாணலியில் தேங்கிய அந்தக் கொழுப்பில்தான் இருக்கிறது. சீரகமும் மிளகாயும் எண்ணெயில் மணம் விடுகிற அதே கதை. இந்த அளவில் அம்முச்சி சொன்ன தாளிப்பு சரிதான்.

மார்கழிக் காலையில் பொள்ளாச்சிப் பக்கத்து வீடுகளில் தேங்காய் எண்ணெய்ப் புட்டி வெள்ளையாக உறைந்து நிற்கும். தேங்காய் எண்ணெயில் நிறைவுற்ற கொழுப்பு ஏறக்குறைய 90 விழுக்காடு. பன்றிக் கொழுப்பில் 40 விழுக்காடுதான். நிறைவுற்றது கூடினால் உறைநிலையும் கூடும் என்று பள்ளிப் பாடம் சொல்கிறது. அப்படியானால் தேங்காய் எண்ணெய்தான் முதலில் உறைய வேண்டும். நடப்பது தலைகீழ்: தேங்காய் எண்ணெய் 24 டிகிரியிலேயே உருகிவிடுகிறது, பன்றிக் கொழுப்பு முழுவதும் உருக 35, 40 டிகிரி கேட்கிறது. காரணம் கொழுப்பு அமிலங்களின் கார்பன் சங்கிலியின் நீளம். தேங்காயில் மிகுந்திருப்பது 12 கார்பன் கொண்ட லாரிக் அமிலம், குட்டைச் சங்கிலி. பன்றிக் கொழுப்பின் பால்மிடிக், ஸ்டியரிக் அமிலங்களில் 16-ம் 18-ம். நீண்ட சங்கிலிகள் பக்கத்தில் பக்கத்தில் படுத்து இறுக்கமாக அடுக்கிக்கொள்ளும். பிரிக்கக் கூடுதல் சூடு வேண்டும். பன்றிக் கொழுப்பிலும் பாதிக்குச் சற்றுக் குறைவாக ஓலியிக் அமிலம் இருக்கிறது. அதன் சங்கிலி நடுவில் வளைந்திருப்பதால் அடுக்கில் அடங்காது. 25 டிகிரியில் அது கல்லாகாமல் வெண்ணெய்போல் குழைந்து நிற்பதற்கு அந்த வளைவுதான் காரணம். ஆனால் இலை மேல் திப்பியாக ஒட்ட அந்த அளவு உறைவு போதும்.

அறை 30 டிகிரி, ஊற்றியது 70 டிகிரி. பின் எப்படி 35-க்குக் கீழே இறங்கியது? கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரு கிராம் கொழுப்பை ஒரு டிகிரி சூடாக்க ஏறக்குறைய 2 ஜூல் போதும், தண்ணீருக்கு 4.2 வேண்டும். 60 கிராம் கொழுப்புக்கு 120, 30 கிராம் வினிகருக்கு 126; ஆக டிரெஸ்ஸிங்குக்கு டிகிரிக்கு 246 ஜூல். எதிரே 150 கிராம் கீரை. கீரை பெரும்பாலும் தண்ணீர். கிராமுக்கு 4 ஜூல் என்று வைத்தால் 600. அதாவது சூட்டைப் பங்கிட்டுக்கொள்வதில் கீரையின் கை ஏறக்குறைய இரண்டரை மடங்கு ஓங்கியிருக்கிறது. நான் ஊற்றிய டிரெஸ்ஸிங் 70 டிகிரி, கீரை குளிர்பெட்டியின் 5 டிகிரி. இரண்டும் கலந்தால் நிற்கிற வெப்பநிலை 24. வெளியே அறை எத்தனை சூடாக இருந்தால் என்ன, கிண்ணத்துக்குள் மார்கழி.

அதே கீரையை ஒரு மணி நேரம் முன்பே வெளியே எடுத்து வைத்து 30 டிகிரிக்கு வரவிட்டிருந்தால்? கலவை 42 டிகிரியில் நிற்கும். திப்பி கட்டாது. கீரையைச் சில்லென்று வைத்திருப்பதுதான் நேர்த்தி என்று நினைத்தேன்; அந்த நேர்த்தியே சாலட்டைக் கெடுத்தது. கிண்ணத்தையும் மறந்துவிடக் கூடாது. கால் கிலோ எவர்சில்வர் கிண்ணம் தன் பங்குக்கு டிகிரிக்கு 125 ஜூல் எடுத்துக்கொள்ளும். வெந்நீர் ஊற்றிக் கொட்டிவிட்டுப் பயன்படுத்தினால் அதுவும் நம் பக்கம் சேர்ந்துவிடும்.

கீரை வாடுவது வேறு கதை. செல்களுக்குள் தண்ணீர் நிறைந்து, காற்றடித்த சைக்கிள் டியூப்போல் சுவரை உந்திக்கொண்டிருப்பதால்தான் இலை விறைப்பாக நிற்கிறது. 60 டிகிரிக்கு மேல் செல் சவ்வு சேதமாகித் தண்ணீர் கசிந்துவிடும், இலை துவளும். டிரெஸ்ஸிங் பட்ட இடத்தில் நொடிப்பொழுது அந்தச் சூடு கிடைக்கிறது, மறு நொடி கலவை 42-க்கு இறங்கிவிடுகிறது. அதனால் பாதி துவண்டு பாதி விறைத்து நிற்கும் இலை கிடைக்கிறது. இந்தச் சாலட்டின் ருசியே அந்த இரண்டுங்கெட்டான் நிலைதான். நேரம் போகப் போக மிச்சமும் வாடும். வினிகர்தான் இலையை வாட்டுகிறது என்று பலரும் அதன் மேல் பழி போடுவார்கள். ஒரு இலையை வினிகரிலும் இன்னொன்றை எண்ணெயிலும் போட்டுச் சற்று நேரம் வைத்துப் பாருங்கள்: எண்ணெயில் போட்டதே முதலில் கருத்துத் துவளும். இலையின் மெழுகுப் பூச்சு தண்ணீரை விலக்கும், எண்ணெயை விலக்காது. எண்ணெய் உள்ளே புகுந்து காற்று இடைவெளிகளை நிரப்பிவிடுகிறது.

வினிகர் செய்கிற கெடுதல் நிறத்தில். புளி விட்ட கீரைக் கடைசல் பழுப்புப் பச்சையாவதை எல்லார் வீட்டிலும் பார்த்திருப்போம். பச்சையத்தின் நடுவில் அமர்ந்திருக்கும் மக்னீசியத்தை அமிலம் வெளியே தள்ளிவிடுகிறது. சூடு அதை வேகப்படுத்துகிறது. அதனால் ஊற்றுவது தட்டில் கைவைக்கும் நேரத்தில். கொழுப்பு உடன் இருப்பதால் கீரையின் கரோட்டினாய்டுகள் உடலில் சேர்வது கூடும் என்பது இதில் ஒரு நல்ல செய்தி.

இப்போது கடுகு. முழுக் கடுகைக் கடிக்கும் வரை காரம் தெரியாது, ஏனென்றால் காரம் விதைக்குள் இல்லை. சினிகிரின் என்ற பொருளும் மைரோசினேஸ் என்ற நொதியும் தனித்தனி அறைகளில் இருக்கின்றன. விதையை உடைத்துத் தண்ணீர் பட்டால் இரண்டும் சந்தித்து, மூக்கில் ஏறும் அந்தக் காரத்தைப் பிறப்பிக்கின்றன. காய்ந்த எண்ணெயில் கடுகு வெடிக்கும்போது நொதி செத்துவிடுகிறது. அதனால்தான் தாளித்த கடுகில் மணம் உண்டு, காரம் இல்லை. அமிலமும் நொதியை மந்தமாக்கும். ஆகவே அரைத்த கடுகு முதலில் பச்சைத் தண்ணீரில் பத்து நிமிடம், பிறகு வினிகர்.

அம்முச்சியின் கேள்விக்குப் பாதிப் பதில் இது. மறுபாதி பெரியது. கொழுப்பும் வினிகரும் கலக்காதவை. அரைத்த கடுகு அவற்றைச் சேர்த்து வைக்கிறது. விதைத்தோலின் வழவழப்பான பசையும் உள்ளிருக்கும் புரதமும் கொழுப்புத் துளிகளைச் சுற்றிப் படர்ந்து, ஒன்றோடொன்று சேரவிடாமல் தடுக்கின்றன. இப்படிப்பட்ட கலவையைப் பால்மம் என்பார்கள். பாலே ஒரு பால்மம்தான். ஊத்துக்குளியில் வெண்ணெய்க்காகக் கடையும்போது கொழுப்புத் துளிகளின் உறை கிழிந்து அவை ஒன்றுதிரள்கின்றன. நாம் செய்ய வேண்டியது அதன் நேர் எதிர்: துளிகளைப் பொடித்து உறை போர்த்துவது. துளியின் ஆரம் பாதியானால் அது மேலே மிதந்து வரும் வேகம் நான்கில் ஒன்றாகும் என்கிறது ஸ்டோக்ஸ் விதி. எனவே நன்றாக அடித்தால் சாப்பிட்டு முடிக்கும்வரை பிரியாது. வெடித்த கடுகோ முழுசாகவே கிடக்கும். பசையும் வெளிவராது, வெந்த புரதமும் வேலைக்கு ஆகாது.

இரண்டாம் முறை செய்தது இப்படி. 200 கிராம் பேக்கனில் 60 கிராம் போலக் கொழுப்பு கிடைத்தது. துண்டுகளை எடுத்துவிட்டு, நான்கைந்து சின்ன வெங்காயத்தை அரிந்து அதில் வதக்கி, அடுப்பை அணைத்தேன். வினிகரை அப்போதே ஊற்றக் கூடாது. காய்ந்த கொழுப்பில் விழும் தண்ணீர் ஆவியாகி ஏறக்குறைய 1,600 மடங்கு விரிந்து கொழுப்பை முகத்தில் தெறிக்கும். அசிட்டிக் அமில ஆவி கண்ணையும் எரிக்கும். ஒரு துளி தண்ணீர் விட்டால் சடசடக்காத அளவுக்கு ஆறட்டும். பிறகு ஒரு கரண்டி அரைத்த கடுகு, இரண்டு மேசைக்கரண்டி வினிகர், ஒரு தேக்கரண்டி நாட்டுச்சர்க்கரை. எங்களுக்குக் கவுந்தப்பாடி பக்கத்தில்தான்; பழநிப் பஞ்சாமிர்தத்துக்குப் போகிற சர்க்கரை. புளிப்பை அது தணிக்கும், வினிகரைச் சற்றுக் கெட்டியாக்கித் துளிகள் பிரிவதையும் தாமதப்படுத்தும். வாணலி அடியில் ஒட்டிய பழுப்பைச் சுரண்டிக் கலக்குங்கள். அது கொழுப்பில் கரையாது, வினிகரில் கரையும். மெயிலார்டு வினையின் ருசியெல்லாம் அதில் இருக்கிறது. உப்பை ருசி பார்த்தே போடுங்கள், பேக்கன் போதுமான அளவு உப்பாகவே வரும்.

கீரை 30 டிகிரி, கிண்ணம் வெதுவெதுப்பு. இம்முறை திப்பி இல்லை, மேலண்ணத்தில் மெழுகும் இல்லை. பன்றி வேண்டாதவர்கள் நெய்யில் செய்யலாம். நெய்யும் ஏறக்குறைய அதே வெப்பநிலையில் உறைவதால் கணக்கு மாறாது. கடலை எண்ணெய் என்றால் குளிர்ந்த கீரைக்கும் பயமில்லை, ஆனால் புகை மணம் கிடைக்காது. அம்முச்சிக்கு நெய்யில் ஒரு சிறு கிண்ணம் தனியாகச் செய்தேன். தின்றுவிட்டு, “கடுகு காரமாக இருக்கிறது” என்றார்.

மீந்த டிரெஸ்ஸிங்கைக் கண்ணாடிப் புட்டியில் ஊற்றிக் குளிர்பெட்டியில் வைத்திருந்தேன். காலையில் மேலே வெள்ளை மூடிபோல் கொழுப்பு, அடியில் கலங்கிய வினிகர். புட்டியை வெந்நீரில் நிறுத்தி, கொழுப்பு தெளிந்ததும் குலுக்கினால் ஒருவாறு கூடிவரும், முந்தைய நாள் அளவுக்கு இல்லை. கொழுப்பு படிகமாகும்போது துளிகளின் உறையைக் குத்திக் கிழித்துவிடுகிறது. அதைச் சாலட்டுக்கு வைக்காமல் வேகவைத்த உருளைக்கிழங்கில் பிசறிவிட்டேன்.