வாசலை அளக்காமல் வாங்கிய வண்டி

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் மோட்டார் காப்பீட்டு மதிப்பீட்டாளராக வேலை பார்க்கும் எனக்கு, பெரிய எஸ்.யூ.வி. ஒன்று நசுங்கிய தகரம் நிமிர்த்தும் பேனல் பீட்டர் பட்டறைக்குள் வந்து நின்றால், உரிமையாளர் வாயைத் திறப்பதற்கு முன்பே எங்கே குனிந்து பார்க்க வேண்டும் என்பது தெரிந்துவிடும். இடது பின்கதவின் கீழ்ப்பாதியில் நூல் போல ஒரு கோடு தொடங்கும். பின்சக்கர வளைவை நெருங்க நெருங்க அது அகன்று, வளைவின் விளிம்பில் தகரம் உள்வாங்கியிருக்கும். கதவு மூடும் இடுக்கில் விரலை விட்டால் வெள்ளையாகவோ காவியாகவோ காரைப்பொடி ஒட்டிக்கொண்டு வரும். "கடை வாசலில் நிறுத்திவிட்டுப் போயிருந்தேன், யாரோ இடித்துவிட்டுப் போய்விட்டார்கள்" என்பார் உரிமையாளர். இன்னொரு கார் இடித்தால் அதன் பெயிண்ட்தான் ஒட்டும், சுண்ணாம்புக் காரை ஒட்டாது என்று நான் வாதாடுவதில்லை. உங்கள் வீட்டு கேட் தூணுக்கு என்ன வண்ணம் அடித்திருக்கிறீர்கள் என்று மட்டும் கேட்பேன். பெரும்பாலானவர்கள் சிரித்துவிடுவார்கள்.

இந்தக் காயம் எப்போதும் இடப்பக்கத்திலேயே, அதுவும் பின்பகுதியிலேயே விழுவதற்குக் காரணம் உண்டு. நம் ஊரில் ஓட்டுநர் வலப்பக்கம் உட்காருகிறார். அவர் கண்ணுக்குத் தொலைவான பக்கம் இடப்பக்கம். வண்டி திரும்பும்போது பின்சக்கரம் முன்சக்கரம் போன தடத்திலேயே போவதில்லை, அதற்கு உட்புறமாக வெட்டிக்கொண்டு போகிறது. எவ்வளவு உள்ளே என்பதை முன்சக்கரத்துக்கும் பின்சக்கரத்துக்கும் இடையிலுள்ள நீளம் தீர்மானிக்கிறது. முன்சக்கரம் 5.5 மீட்டர் ஆரத்தில் வளைகிறது என்று வைத்துக்கொண்டால், அந்த நீளம் 2.47 மீட்டராக உள்ள போலோ விவோ என்ற சின்ன காரில் பின்சக்கரம் ஏறத்தாழ 59 செ.மீ. உள்ளே வரும், 2.9 மீட்டராக உள்ள ஃபோர்டு எவரெஸ்டில் ஏறத்தாழ 83 செ.மீ. உள்ளே வரும். அகலம் கூடியதோடு இந்த 24 செ.மீட்டரும் சேர்ந்துகொள்கிறது. பத்து ஆண்டுகள் சின்ன கார் ஓட்டிப் பழகிய கை, தூணை முன்சக்கரம் தாண்டியதும் ஸ்டியரிங்கை ஒடித்துவிடுகிறது. தூண் இருக்கும் இடத்தில்தான் இருக்கிறது. பின்கதவுதான் அதைத் தேடிப் போகிறது.

இத்தனை பெரிய வண்டியை ஏன் வாங்கினீர்கள் என்று கேட்டால், அகலம் வேண்டும் என்று இதுவரை ஒருவரும் சொன்னதில்லை. எல்லாரும் சொல்வது உயரம். சாலையெங்கும் குழிகள், அவற்றில் விழுந்து கிழிந்த டயர்கள், எல்லாவற்றுக்கும் மேலாக 2022 ஏப்ரல் வெள்ளம். டர்பன் இருக்கும் குவாசுலு-நட்டால் மாகாணத்தில் நானூறுக்கும் மேற்பட்ட உயிர்களைக் கொண்டுபோன அந்த மழைக்குப் பிறகு, தாழ்ந்த காரில் தண்ணீர் ஏறி நின்ற அனுபவமுள்ள குடும்பங்கள் அடுத்த வண்டி உயரமானதாக இருக்க வேண்டும் என்று முடிவெடுத்ததில் குற்றம் சொல்ல ஏதுமில்லை. டொயோட்டா ஃபார்ச்சூனர் தயாராகும், டர்பனின் பிராஸ்பெக்டன் தொழிற்சாலையே அதே வெள்ளத்தில் மூழ்கி, சில மாதங்கள் உற்பத்தி நின்றுபோனது என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம்.

ஆனால் உயரத்தைத் தனியாக விற்க எந்த நிறுவனத்தாலும் முடியாது. இடது வலது சக்கரங்களுக்கு இடையிலான அகலத்தில் பாதியை எடுத்து, வண்டியின் எடைமையம் தரையிலிருந்து எவ்வளவு உயரத்தில் இருக்கிறதோ அதனால் வகுத்தால் வரும் எண் குறையக் குறைய, வண்டி கவிழும் வாய்ப்பு கூடுகிறது. ஆகவே வண்டியை உயர்த்தும் பொறியாளர் சக்கரங்களையும் அகற்றி வைத்தாக வேண்டும். பக்கவாட்டு மோதலைத் தாங்கும் எஃகுச் சட்டமும் தடித்த கதவும், பின்னிருக்கையில் மூன்று பேர் தோள் இடிக்காமல் உட்கார வேண்டும் என்ற விருப்பமும் மேலும் சில அங்குலங்களைக் கேட்கின்றன. இது நம் ஊர்க் கதை மட்டுமன்று. 'டிரான்ஸ்போர்ட் அண்ட் என்விரான்மென்ட்' என்ற ஐரோப்பிய அமைப்பு 2024 ஜனவரியில் வெளியிட்ட கணக்கின்படி, அங்கே புதிய கார்களின் சராசரி அகலம் 2018-இல் 177.8 செ.மீ. ஆக இருந்தது, 2023-இன் முதல் பாதியில் 180.3 செ.மீ. ஆகிவிட்டது. வெள்ளமோ ஆண்டில் ஒரு நாள், இரண்டு நாள் வரலாம். கேட்டுக்குள் நுழைவது தினமும் இரண்டு முறை. உயரத்தின் பயனையும் அகலத்தின் தொல்லையையும் இந்தக் கணக்கில் வைத்துத்தான் எடைபோட வேண்டும் என்பது என் கருத்து.

விளம்பரத் தாளில் அச்சிட்டிருக்கும் அகலத்தைப் படிப்பதிலும் ஒரு சூட்சுமம் இருக்கிறது. அங்கே போட்டிருப்பது பெரும்பாலும் உடல் அகலம். பக்கக் கண்ணாடிகள் அதில் சேராது. எவரெஸ்டின் அகலம் 1.923 மீட்டர் என்று படிப்பவர், கண்ணாடிகள் விரிந்த நிலையில் அது ஏறத்தாழ 2.2 மீட்டர் என்பதை வேறொரு பக்கத்தில் தேடிப் பிடிக்க வேண்டும். ஃபார்ச்சூனர் 1.855, லேண்ட் குரூஸர் 300 ஏறத்தாழ 1.98, பி.எம்.டபிள்யூ. எக்ஸ்5 இரண்டு மீட்டர் என்று சொல்லப்படுவதெல்லாம் கண்ணாடியில்லாக் கணக்குதான். நம்மில் பலர் ஓட்டக் கற்றுக்கொண்ட சிட்டி கோல்ஃப் 1.6 மீட்டரைச் சற்றே தாண்டியது. அந்தக் காலத்துக்குக் கட்டிய வாசல்களில்தான் இன்றைய வண்டிகள் நுழைகின்றன.

டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில் ஒரு வீடு. ஆற்றங்கரைச் சரிவுகளில், பேருந்தில் போய் வருபவர்களுக்கென்று கட்டப்பட்ட ஒட்டு வீடுகள் அவை. கார் நிறுத்துமிடம் என்பது பிறகு அவரவர் கைக்காசில் பக்கச் சந்தில் எழுப்பிக்கொண்டது. இந்த வீட்டு கேரேஜைக் கட்டியவர் இப்போதைய உரிமையாளரின் தகப்பனார். அப்போது அவரிடம் இருந்தது ஒரு டொயோட்டா கான்குவெஸ்ட். மகன் ஓய்வுபெற்ற ஆசிரியர். ஓய்வூதியத் தொகையில் ஒரு பகுதியை எடுத்து ஏழு இருக்கை எவரெஸ்ட் வாங்கினார். மூன்றாம் வாரம் இடது கண்ணாடியும் பின்கதவும் போய், நான் பார்வையிடப் போனேன். கேரேஜ் கதவு இங்கே வழக்கமாகக் கிடைக்கும் ஒற்றைக் கதவு, அகலம் 2.44 மீட்டர். கண்ணாடி விரிந்த வண்டிக்கு இரு பக்கமும் 12 செ.மீ. கூட மிஞ்சாது, ஒரு சாண் கூட இல்லை. அதுவும் நேராக நுழைந்தால்தான். அவரோ தெருவிலிருந்து திரும்பி, ஏற்றத்தில் ஏறி, சாய்வாக நுழைகிறார்.

உள்ளே போனால் நிலைமை இன்னும் மோசம். சுவருக்குச் சுவர் 2.9 மீட்டர்தான், இடப்பக்கச் சுவரோரம் ஆழ்உறைபெட்டியும் அதன்மேல் கோயில் அன்னதானத்துக்கு வைத்திருக்கும் பெரிய அலுமினியத் தவலைகளுமாக 60 செ.மீ. போய்விடுகிறது. மீதி 2.3 மீட்டர். அதில் வண்டியைக் கழித்தால் 38 செ.மீ.; இடப்பக்கம் தவலையை உரசாமல் நிறுத்தினால் வலக்கதவைத் திறக்க ஒரு முழம் கூட இல்லை. ஆசிரியர் பின்னிருக்கைகளைத் தாண்டி, டிக்கிக் கதவு வழியாக இறங்குவார். அவருடைய தாயார், அந்தத் தெருவே ஆயா என்று கூப்பிடும் அம்மையார், மழையானாலும் வெயிலானாலும் தெருவிலேயே இறக்கிவிடப்படுவார். "வண்டி வீட்டுக்குள்ள போகுது, நான் தெருவுல நிக்கிறேன்" என்று அவர் என்னிடம் சொன்னதை மதிப்பீட்டு அறிக்கையில் எழுத இடமில்லாமல் போயிற்று.

பொது இடங்களில் நிறுத்தும்போது கணக்கு வேறு. இங்கே வழக்கமான பார்க்கிங் கட்டம் 2.5 மீட்டர் அகலம், 5 மீட்டர் நீளம். சிட்டி கோல்ஃப் நடுவில் நின்றால் ஏறத்தாழ 90 செ.மீ. மிஞ்சும்; எவரெஸ்ட் நின்றால் 58 செ.மீ. அடுத்தடுத்த கட்டங்களில் இரண்டு எவரெஸ்ட்கள் கோட்டுக்கு நடுவே ஒழுங்காக நின்றாலும் அவற்றுக்கிடையே 58 செ.மீ.தான், கண்ணாடிக்கும் கண்ணாடிக்கும் இடையே 30 செ.மீ. கூட இல்லை. பெரிய வண்டியின் கதவு தடித்தது என்பதால், அதே கோணத்துக்குத் திறந்தாலும் ஆள் நுழையும் சந்து குறைவாகவே கிடைக்கும். பிள்ளையைக் குழந்தை இருக்கையில் வைத்துக் கட்ட வேண்டிய தாய்க்கு அது போதவே போதாது. கதவு விளிம்பு பக்கத்து வண்டியில் பட்டு விழும் சின்னப் பள்ளங்களில் பெரும்பகுதி இப்படி வருவதுதான்.

நகர மையத்துப் பழைய பார்க்கேடுகளில் (பலமாடிக் கார் நிறுத்துமிடங்களில்), தூணோரக் கட்டத்தைத் தவிர்த்துவிடுங்கள் என்பேன். கோட்டுக்குள்ளேயே தூண் ஒரு சாண் நுழைந்திருக்கும். மேல்தளத்துக்கு ஏறும் சுருள்பாதையின் உட்சுவரில் எத்தனை வண்ணக் கோடுகள் இருக்கின்றன என்று ஒருமுறை எண்ணிப் பாருங்கள். முடிந்தவரை பின்னோக்கி நுழைந்து நிறுத்துவது நல்லது: திரும்பும் சக்கரங்கள் அப்போது வெளிப்புறம் இருப்பதால், குறுகிய இடத்தில் வண்டியை நேராக்குவது எளிது. மஞ்சள் சட்டை அணிந்து நிற்கும் கார் காவலர் கையசைப்பது உதவிதான். ஆனால் அவர் உங்கள் பின்பக்கத்தைப் பார்க்கிறார், முன் இடதுமூலை வீசி வருவதை அவர் பார்ப்பதில்லை. சுற்றுக் கேமராவும் அப்படித்தான். அகலக் கோண வில்லை, தூரத்தைக் கூட்டிக் காட்டும். மழைச்சேறு படிந்தால் அதுவும் போயிற்று.

ஓட்டும்போது நெடுஞ்சாலையில் இந்த அகலம் ஒரு பொருட்டே அல்ல. 2.6 மீட்டர் வரை அகலம் அனுமதிக்கப்பட்ட கனரக லாரிகள் துறைமுகத்திலிருந்து என்3-இல் வரிசையாகப் போய்க்கொண்டுதான் இருக்கின்றன. தொல்லை உள்தெருவில். ஒருபுறம் கார்கள் நிற்கும் 6 மீட்டர்த் தெருவில், நிற்கும் வண்டிக்கு 2 மீட்டர் போனால் மிஞ்சுவது 4 மீட்டர். எதிரே ஒரு மினிபஸ் டாக்சி வந்தால், கண்ணாடியோடு சேர்த்து இரண்டும் 4 மீட்டருக்கு மேல் கேட்கும். யாராவது ஒருவர் நின்றாக வேண்டும். டாக்சிக்காரர் நிற்கமாட்டார் என்பது டர்பனில் எல்லாருக்கும் தெரியும். காவடி நாட்களில் கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் இரண்டு பக்கமும் வண்டிகள் நிற்கையில், அடுத்த வாரமே உடைந்த கண்ணாடிக் கோரிக்கைகள் என் மேசைக்கு வரத் தொடங்கிவிடும்.

புதிதாகப் பெரிய வண்டிக்கு மாறியவர்களிடம் நான் காணும் இன்னொரு பழக்கம், இடப்பக்கத்துக்குப் பயந்து நடுக்கோட்டை ஒட்டி ஓட்டுவது. உரசல் நின்றுவிடும், நேருக்கு நேர் மோதல் நெருங்கிவரும். இந்த அச்சத்துக்கு அடிப்படை, நாம் உரிமம் எடுத்த விதம். கே53 என்னும் ஓட்டுநர் உரிமச் சோதனையில் கம்பத்தைத் தொட்டாலே தோல்வி. ஆகவே பயிற்சிப் பள்ளிகள் சின்ன காரில்தான் கற்றுத்தருகின்றன. இணையாக நிறுத்தும் பகுதி அதில் இல்லை என்பதற்காகவே சிறு லாரிக்கான கோட் 10 உரிமம் எடுத்தவர்களும் நம்மில் நிறையப் பேர். பிறகு அதே உரிமத்தோடு இரண்டு டன்னுக்கும் மேற்பட்ட வண்டியில் ஏறுகிறோம்; யாரும் கேட்பதில்லை. பக்கி, அதாவது பிக்கப் வண்டி, ஓட்டிப் பழகியவர்களுக்கு மட்டும் இந்தத் தடுமாற்றம் குறைவு. (தமிழ்நாட்டிலிருந்து வந்த புதிதில், 'என் பக்கி வெளியே நிற்கிறது' என்று ஒரு பெரியவர் சொன்னபோது, வீட்டில் யாரையோ திட்டுகிறார் என்றுதான் நினைத்தேன்.)

இதற்குப் பயிற்சி கடினமன்று. ஞாயிற்றுக்கிழமை காலையில் வெறிச்சோடிய மைதானத்தில் இரண்டு காலி அட்டைப்பெட்டிகளை உங்கள் கேட் அகலத்துக்கு வைத்து, இருபது முறை இடப்பக்கம் திரும்பி நுழையுங்கள். பெட்டி நசுங்கினால் செலவில்லை. நடைபாதை விளிம்புக்கல்லுக்கு ஒரு முழ தூரத்தில் வண்டியை நிறுத்தி, ஓட்டுநர் இருக்கையிலிருந்து பார்க்கும்போது அந்த விளிம்பு பானட்டின் எந்த இடத்தில் முட்டுவது போலத் தெரிகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். தேவைப்பட்டால் முன்கண்ணாடியில் சின்ன ஸ்டிக்கர் ஒட்டிக்கொள்ளுங்கள். ஒரு வாரத்தில் கண் பழகிவிடும். இடது கண்ணாடியைப் பின்சக்கரம் தெரியும்படி சற்றுத் தாழ்த்தி வைத்துக்கொண்டு, அந்தச் சக்கரம் தூணைத் தாண்டிய பிறகே முழுமையாக ஒடிக்க வேண்டும்.

இன்னும் வாங்கவில்லை என்றால் அளவுநாடாவை எடுங்கள். கேட்டில் தூணுக்குத் தூண் அளந்தால் போதாது. நகரும் கேட் முழுவதும் திறந்த பிறகும் எவ்வளவு வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது, மோட்டார்ப் பெட்டி எங்கே இருக்கிறது என்று பார்த்து, மிகக் குறுகிய இடத்தை அளக்க வேண்டும். கண்ணாடி விரிந்த அகலத்தோடு குறைந்தது 40 செ.மீ. கூடுதலாக இருந்தால்தான் திரும்பி நுழையும் வாசலுக்குப் போதும் என்பது என் அனுபவக் கணக்கு. அடுக்குமாடியில் இருப்பவர்கள் தங்களுக்கு ஒதுக்கிய கட்டத்தையும், பக்கத்துக் கட்டத்துக்காரர் என்ன வண்டி வைத்திருக்கிறார் என்பதையும் பார்த்துவிட்டுப் போக வேண்டும். ஓட்டிப் பார்க்க வண்டி தரும்போது, விற்பனையாளர் நல்ல அகலமான சாலையில் ஒரு சுற்று கூட்டிப்போவார். அதை நாசூக்காக மறுத்து, என் வீட்டுக்குப் போய் வரலாம் என்று கேளுங்கள். ஏழு இருக்கைதான் தேவையென்றால் 1.735 மீட்டர் அகல டொயோட்டா ரூமியனில் அது கிடைக்கிறது. கொஞ்சம் உயரம் போதுமென்றால் பிராஸ்பெக்டனிலேயே தயாராகும் கரோலா கிராஸ் 1.825 மீட்டர்தான்.

காப்பீடு இருக்கிறதே என்று நினைப்பவர்களுக்கு ஒரு சொல். ஒவ்வொரு கோரிக்கைக்கும் எக்ஸஸ் என்று ஒரு தொகையை நீங்களே கட்ட வேண்டும். கதவு உரசலின் செலவு பெரும்பாலும் அதற்குள்ளேயே முடிந்துவிடும். பக்கக் கண்ணாடி அப்படியன்று: இன்றைய கண்ணாடிக்குள் கேமரா, இண்டிகேட்டர், மறைபக்க எச்சரிக்கை விளக்கு, மடக்கும் மோட்டார் எல்லாம் இருக்கின்றன, முழுதாகத்தான் மாற்ற வேண்டும்.

சாட்ஸ்வொர்த் ஆசிரியர் வண்டியை விற்கவில்லை. ஆழ்உறைபெட்டியைச் சமையலறைக்கு மாற்றினார், தவலைகளைக் கோயிலுக்கே கொடுத்துவிட்டார், கேட்டின் இடது தூணை இடித்து இரண்டடி தள்ளிக் கட்டினார். சென்ற மாதம் அந்தப் பக்கம் போனபோது புதுத் தூணுக்கு இன்னும் வண்ணம் அடித்திருக்கவில்லை. ஆயா வண்டியிலிருந்து வீட்டுக்குள்ளேயே இறங்கிக்கொண்டிருந்தார்.