ராப்: தட்டலில் பிறந்து சொல்லிசைக்கு வந்த சொல்

தாளத்துக்கேற்பச் சொற்களை அடுக்கிப் பேசுகிற பாட்டு வகைக்குப் பெயரான ‘ராப்’, ‘ரிதம் அண்ட் போயட்ரி’ (தாளமும் கவிதையும்) என்பதன் சுருக்கம் என்று பலர் நம்புகிறார்கள். கேட்க அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் உண்மையில்லை. அந்த விரிவு பின்னாளில் யாரோ பொருத்திப் பார்த்தது. சொல் அதைவிடப் பல நூறு ஆண்டுகள் பழையது.

ஆங்கிலத்தில் ராப் என்றால் முதலில் அடி, தட்டு. விரல் முட்டியால் கதவை ‘டக்’கென்று தட்டுகிறோமே, அதுதான். ஒலியைப் பின்பற்றிப் பிறந்த சொல் இது. கையால் செய்ததைக் குறித்த சொல் போகப்போக வாய்க்கும் வந்தது. ஒன்றை வெடுக்கென்று சொல்வதும் ராப் ஆயிற்று, கண்டிப்பதும் குற்றம் சாட்டுவதும் ராப் ஆயிற்று. இந்த இடத்தில் எனக்கு எப்போதும் ஒரு சிலிர்ப்பு வரும். நம் நாளிதழ்கள் ‘நீதிமன்றம் குட்டு’ என்று தலைப்புப் போடுகின்றன. அநியாயத்தைக் கண்டு கேள்வி கேட்பதை நாம் ‘தட்டிக் கேட்பது’ என்கிறோம். தட்டும் கையே கேட்கும் வாயாகிற மாற்றம் இரண்டு மொழிகளிலும் தனித்தனியாக நடந்திருக்கிறது.

பாட்டுக்கு வருமுன் இந்தச் சொல் அமெரிக்கக் கறுப்பின மக்களின் வழக்கில் பேச்சைக் குறித்தது. மனம்விட்டுப் பேசுவது, சொல்வன்மையோடு பேசுவது எல்லாம் ராப்தான். 1960களின் உரிமைப் போராட்டத்தில் முன்னின்ற எச். ராப் பிரவுனுக்கு நடுவில் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது அவருடைய பேச்சுத் திறத்தால். இசைக்கும் அதற்கும் தொடர்பில்லை.

இசை பிறகு வந்தது. 1973 ஆகஸ்ட் 11 அன்று நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில், செட்ஜ்விக் அவென்யூவில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் நடந்த விருந்தைத்தான், ராப்பும் அடங்கிய ஹிப் ஹாப் பண்பாட்டின் பிறந்தநாளாகக் கொண்டாடுகிறார்கள். இசைத்தட்டுகளைச் சுழற்றியவர் ஜமைக்காவிலிருந்து வந்த டிஜே கூல் ஹெர்க். பாட்டில் தாளம் மட்டும் தனித்து ஒலிக்கும் இடத்தில்தான் கூட்டம் அதிகம் ஆடுகிறது என்பதைக் கவனித்து, ஒரே இசைத்தட்டின் இரண்டு படிகளை வைத்து அந்த இடத்தை நீட்டிக்கொண்டே போவது அவருடைய உத்தி. ஒலிவாங்கியைப் பிடித்தவர்கள் அதன்மேல் நண்பர்களின் பெயர்களைக் கூவினார்கள், இரண்டு வரி எதுகை மோனையாகச் சொன்னார்கள். ஆட்டம்தான் முதலில், சொல் அதற்குத் துணை.

1979இல் வந்த ‘ராப்பர்ஸ் டிலைட்’ என்ற ராப் பாட்டு பெரும் வெற்றி பெற்றபோதும் நிலைமை அதுதான். ஒரு டிஸ்கோ பாட்டின் அடித்தள இசைமேல் விளையாட்டாகப் பேசிய பேச்சு அது.

மாற்றத்தைக் காட்ட ஓர் ஆல்பம் போதும். கிராண்ட்மாஸ்டர் ஃபிளாஷ் அண்ட் தி ஃபியூரியஸ் ஃபைவ் குழுவின் ‘தி மெசேஜ்’, 1982. அதில் பெரும்பகுதி ஆட்டப் பாட்டுகள். ‘ஸ்கார்பியோ’ என்ற பாட்டில் குரலே இயந்திரக் குரலாகிவிடும், கால் நிற்காது. ஆனால் கடைசியில் வருகிற தலைப்புப் பாட்டு வேறு. வேகம் குறைந்து, ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் காதில் விழும்: உடைந்த கண்ணாடி, எலி, கரப்பான், வெளியேறக் காசில்லாத வாழ்க்கை, சிறையில் முடியும் ஓர் இளைஞன். ஆட வந்தவர்கள் இதைக் கேட்பார்களா என்று குழுவினரே தயங்கினார்கள். இசைத்தட்டு நிறுவனத்தை நடத்திய சில்வியா ராபின்சன் விடவில்லை. ராப் வரிகளைச் சொன்னவர்கள் மெல்லி மெல், டியூக் பூட்டி இருவர்தான். 2002இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலைத் தொடங்கியபோது, முதல் 50 பதிவுகளில் இந்தப் பாட்டும் இருந்தது. தாளம் தட்டிக்கொண்டிருந்த ராப், தட்டிக் கேட்கவும் தொடங்கியது இங்கேதான் என்பேன்.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘சொல்லிசை’ ஏற்கெனவே புழக்கத்துக்கு வந்துவிட்டது. நல்ல சொல். இசையில் சொல்லே முதன்மை என்பதைச் சட்டென உணர்த்துகிறது. இலக்கணம் படித்தவர்கள் ஒரு தடை எழுப்பலாம்: சொல்லிசை அளபெடை என்று ஒன்று இருக்கிறதே? இருக்கிறது. ‘நசை’ என்ற பெயர் குறளில் ‘நசைஇ’ என்று நீண்டு, ‘விரும்பி’ என்ற வினையெச்சப் பொருள் தருவது அதுதான். ஆனால் அது எப்போதும் ‘அளபெடை’ என்ற சொல்லோடு சேர்ந்தே வருவதால் குழப்பம் வராது. எனக்கு அந்த உறவு பிடித்தும் இருக்கிறது. ஓசையை நீட்டிச் சொல்லின் பொருளையே திருப்புவது ராப் பாடுகிறவர்கள் அன்றாடம் செய்கிற வேலை.

ஹிப் ஹாப்புக்கும் இதையே சொல்லிவிடலாமா என்றால், கூடாது. ஹிப் ஹாப் என்பது இசைத்தட்டுக் கலை, பிரேக் நடனம், சுவர் ஓவியம் எல்லாம் சேர்ந்த பண்பாடு. சொல்லிசை அதில் ஒரு கூறு. ‘துள்ளிசை’ என்றால் ‘ஹாப்’ வந்துவிடும், விவரம் அறிந்திருத்தல் என்ற பொருளுள்ள ‘ஹிப்’ விடுபட்டுப்போகும். அதனால் ஹிப் ஹாப்பை இயற்பெயராக அப்படியே வைத்துக்கொள்வதே நல்லது.

ஆல்பத்துக்கு ‘இசைப்பேழை’ என்பது ஒலிநாடாக் காலத்துச் சொல், இன்று பேழை எங்கே இருக்கிறது? ‘தொகுப்பு’ போதும். ‘தி மெசேஜ்’ ஒரு சொல்லிசைத் தொகுப்பு. பாடுகிறவர் சொல்லிசைக் கலைஞர் அல்லது சொல்லிசைப் பாடகர். எழுதும்போது அந்த த், க், ப் மூன்றையும் விட்டுவிடாதீர்கள். ‘ராப் பண்ணினார்’ என்பதற்குச் ‘சொல்லிசைத்தார்’ என்று எழுதிப் பாருங்கள், இரண்டு தடவை சொன்னால் நாக்குக்குப் பழகிவிடும்.