வெட்டி எடுத்த குடல்வாலின் அறிக்கையை வாங்கிப் படித்தீர்களா?

பினாங்கில் நான் பணிபுரியும் நோய்க்கூற்றியல் (பேத்தாலஜி) ஆய்வகத்துக்குக் குடல்வால், அதாவது அப்பெண்டிக்ஸ், வராத நாள் அரிது. சிறிய பிளாஸ்டிக் டப்பாவில், ஃபார்மலினில் மிதந்தபடி, நோயாளியின் பெயரும் அடையாள அட்டை எண்ணும் மேலே ஒட்டப்பட்டு வந்து சேரும். பெரும்பாலானவற்றில் சொல்வதற்கு அதிகம் இருக்காது. வீங்கிச் சிவந்து, மேலே சீழ் படர்ந்திருக்கும். குடல்வால் அழற்சி என்று எழுதி அனுப்பிவிடுவோம். எப்போதோ ஒன்று மட்டும் கத்தியை வைத்தவுடனேயே தன்னைக் காட்டிக்கொடுத்துவிடும். வெட்டிய இடத்தில் சீழுக்குப் பதிலாகக் கண்ணாடி போன்ற கோழை திரண்டு நிற்கும். கத்தியைத் தூக்கினால், கம்பிப் பதத்துக்கு வந்த வெல்லப்பாகு போல அது நூலாக நீண்டு உடன் வரும். அந்த நூலைக் கண்டால் கையை நிறுத்திவிட்டு, அதுவரை எத்தனை துண்டு வெட்டினேன் என்று எண்ணிப் பார்ப்பேன்.

கோழை சுரக்கும் உயிரணுக்கள் எல்லாருடைய குடலிலும் உண்டு; உணவு வழுக்கிச் செல்ல மியூசின் என்னும் அந்தக் கோழை தேவை. குடல்வாலின் உட்படலத்தில் அவை கட்டுமீறிப் பெருகும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது. குடல்வால் ஒரு பக்கம் மட்டுமே திறந்த, சுமார் 6 மில்லிமீட்டர் விட்டமுள்ள ஒடுங்கிய குழாய். வாய் அடைபட்ட பின்னும் உள்ளே சுரப்பு நிற்காவிட்டால் அது மெல்ல மெல்லத் தொத்திறைச்சி போல ஊதிப் பருக்கிறது. அறுவைச் சிகிச்சையில் எடுக்கப்படும் 1000 குடல்வால்களில் இரண்டு மூன்றில் இத்தகைய கோழைத் தேக்கம் காணப்படுகிறது. ரொக்கிடான்ஸ்கி என்ற நோய்க்கூற்றியல் மருத்துவர் 1842-லேயே விவரித்த நோய் இது. ஆயினும் இதற்கு ஆளுக்கொரு பெயர் வைத்து நெடுங்காலம் மருத்துவர்களே குழம்பிக்கொண்டிருந்தோம். 2016-இல் இத்துறையின் பன்னாட்டு வல்லுநர் குழு ஒன்று பெயர்களை ஒழுங்குபடுத்திய பிறகுதான் பினாங்கில் எழுதும் அறிக்கையும் லண்டனில் எழுதும் அறிக்கையும் ஒரே மொழியில் பேசத் தொடங்கின. இன்று அதிகம் எழுதப்படும் பெயர் லோ கிரேட் அப்பெண்டிசியல் மியூசினஸ் நியோபிளாசம், அதாவது குடல்வாலின் குறைந்த தரநிலைக் கோழைக் கட்டி; சுருக்கமாக எல்.ஏ.எம்.என்.

இந்தப் பெயரோடு ஒருவர் என்னைத் தேடி ஆய்வகத்துக்கே வந்தார். (இங்கே வரும் நோயாளிகளின் அடையாளம் தெரியாதபடி விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) நோயாளிகளை நேரில் காணும் வாய்ப்பு எங்கள் துறையில் மிகக் குறைவு. நாற்பதுகளில் இருந்த அந்தத் தமிழ்ப்பள்ளி ஆசிரியை, பிளாஸ்டிக் கோப்பிலிருந்து என் அறிக்கையை எடுத்து முகப்பு மேசையில் விரித்தார். ஒரு சொல்லுக்குக் கீழே சிவப்புப் பேனாவால் கோடு போட்டிருந்தார்.

“டாக்டர், ஒரே வார்த்தையில் சொல்லிவிடுங்கள். இது கேன்சரா, இல்லையா?”

“ஒரே வார்த்தையில் சொல்ல முடிந்திருந்தால் நான் இரண்டு பக்கம் எழுதியிருக்க மாட்டேன், டீச்சர்.”

அவர் சிரிக்கவில்லை. அது நான் விளையாட்டாகப் பேசியிருக்க வேண்டிய நேரமும் அல்ல. உட்காரவைத்து, தாளில் படம் வரைந்து காட்டினேன். ஜார்ஜ்டவுனின் பழைய கடைவீடுகளில், சுவரில் முளைத்த அரச மரம் வேர்விட்டுச் செங்கல்லைப் பிளப்பதை எல்லாரும் பார்த்திருப்போம். வழக்கமான குடல் புற்றுநோய் அப்படித்தான் சுவரைத் துளைத்து, நிணநீர்க் கணுக்களுக்கும் கல்லீரலுக்கும் போகிறது. எல்.ஏ.எம்.என். வேர்விடுவதில்லை. நிரம்பிக்கொண்டே போகும் தண்ணீர்ப் பை போலச் சுவரை உள்ளிருந்து அழுத்தி, மெலிய வைத்து, தசையைத் தழும்பாக்கி, சில நேரம் சுண்ணாம்பு படியவும் செய்கிறது. நிணநீர்க் கணுக்களை அது எட்டுவது மிகமிக அரிது. பை உடையாமல் முழுதாக வெளியே வந்து, வெட்டிய அடிப்பகுதியில் கட்டியின் உயிரணுக்கள் இல்லையென்றால், குடல்வாலை எடுத்ததோடு சிகிச்சை முடிந்தது. வலப்பக்கப் பெருங்குடலைச் சேர்த்து வெட்ட வேண்டிய அவசியம் இல்லை. இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம், பயத்தில் பெரிய அறுவைச் சிகிச்சையை நோயாளியே கேட்டு வாங்கிக்கொள்வதும் நடக்கிறது என்பதுதான்.

பை உடைந்துவிட்டால் கதை வேறு. கோழையோடு கட்டியின் உயிரணுக்களும் வயிற்றறைக்குள் கசிந்து, பெரிட்டோனியம் என்னும் உள்ளுறையில் ஒட்டிக்கொண்டு அங்கேயும் சுரக்கத் தொடங்கும். இதற்குப் பெயர் சூடோமிக்சோமா பெரிட்டோனி. ஆண்டுக்குப் பத்து லட்சம் பேரில் ஓரிருவருக்கு, சில புதிய கணக்குகளின்படி அதைவிடச் சற்றுக் கூடுதலானவர்களுக்கு, வரும் நோய். வயிற்றறையில் இயல்பாகவே ஓடிக்கொண்டிருக்கும் நீர் அந்த உயிரணுக்களை ஏந்திச் செல்கிறது. ஆகவே நீர் உறிஞ்சப்படும் இடங்களான வலப்பக்க உதரவிதானத்தின் அடியிலும் ஓமெண்டம் என்னும் கொழுப்புத் திரையிலும், புவியீர்ப்பால் நீர் தேங்கும் இடுப்புக்குழியிலும் கோழை குவிகிறது. ஓயாமல் அசைந்துகொண்டிருக்கும் சிறுகுடலில் மட்டும் அது எளிதில் ஒட்டுவதில்லை. நோயாளிக்கு நல்வாய்ப்பு என்று ஒன்று இதில் இருக்குமானால் அது இந்தச் சிறுகுடல் தப்புவதுதான். சிறுகுடலை விட்டுவிட்டு மற்றதையெல்லாம் உரித்தெடுக்க முடிவதால்தான் பின்னால் சொல்லப்போகும் அறுவைச் சிகிச்சையே சாத்தியமாகிறது.

இடுப்புக்குழியில் கோழை தேங்குவதால் பெண்களுக்கு இது பெரும்பாலும் சினைப்பைக் கட்டியாகவே முதலில் தெரியவரும். வெர்த் என்ற மருத்துவர் 1884-இல் இந்நோய்க்குப் பெயர் சூட்டியபோதே சினைப்பைக் கட்டியோடுதான் அதை இணைத்தார்; 1901-இல் ஃபிராங்கல் குடல்வாலைச் சுட்டிக்காட்டியும், பெண்களில் பெரும்பாலோருக்கும் மூலம் குடல்வால்தான் என்று உறுதிப்பட 1990-களின் திசுச் சாயச் சோதனைகளும் மரபணுச் சோதனைகளும் வரவேண்டியிருந்தது. இரண்டு சினைப்பைகளிலும் கோழைக் கட்டி என்ற குறிப்போடு டப்பா வந்தால், குடல்வாலைப் பார்த்தீர்களா என்று அறுவை மருத்துவருக்கு நான் தொலைபேசியில் கேட்பது இதனால்தான்.

ஆண்களுக்கு இது குடலிறக்கமாக வேடம் போட்டு வரும். பிறை என்ற ஊரில் கண்டெய்னர் லாரி ஓட்டி ஓய்வுபெற்ற ஒருவருக்கு இரண்டு ஆண்டுகளாக இடுப்பு வார் எட்டாமல் போய்க்கொண்டிருந்தது. வீட்டில் தொப்பை என்றார்கள், கிளினிக்கில் வாயு என்று மாத்திரை கொடுத்தார்கள், அவரும் இரவில் சோற்றைக் குறைத்துப் பார்த்தார். கைகால் மெலிந்து வயிறு மட்டும் பெருத்ததை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கடைசியில் தொடையிடுக்கில் குடலிறக்கம் வந்து, அதைச் சரிசெய்யத் திறந்தபோது பைக்குள் குடல் இல்லை. அகார் அகார் போலக் குழகுழவென்று ஏதோ இருந்தது. நல்ல வேளையாக அந்த அறுவை மருத்துவர் அதை உறிஞ்சிக் கொட்டிவிடாமல் டப்பாவில் போட்டு எங்களுக்கு அனுப்பினார். பிறகு எடுத்த சி.டி. ஸ்கேனில், பிசைந்த மாவில் விரலை அழுத்தியது போலக் கல்லீரலின் விளிம்பு நெடுகப் பள்ளம் பள்ளமாக இருந்தது.

முன்கூட்டியே கண்டுபிடிக்க வழி இல்லாமல் இல்லை. வேறு காரணத்துக்காக எடுத்த ஸ்கேனில் குடல்வால் 15 மில்லிமீட்டருக்கு மேல் பருத்திருந்தாலோ, அதன் சுவரில் வளைவாகச் சுண்ணாம்புக் கோடு தெரிந்தாலோ சந்தேகிக்க வேண்டும். அல்ட்ராசவுண்டில் உள்ளிருக்கும் கோழை வெங்காயத் தோல் போல அடுக்கடுக்காகத் தெரியும். சி.இ.ஏ., சி.ஏ. 19-9, சி.ஏ. 125 ஆகிய இரத்தக் குறிகாட்டிகள் துணைக்கு உதவும். அவை இயல்பாக இருப்பதால் நோய் இல்லை என்று ஆகிவிடாது. ஊசி குத்தித் திசு எடுத்துப் பார்க்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. கூடாது, அந்த ஊசித் துளையே கோழைக்கு வாசலாகிவிடும். அறுவைச் சிகிச்சையிலும் துளைவழி முறையா திறந்த முறையா என்பதைவிட, குடல்வாலைக் கிழியாமல் பிடித்து, பைக்குள் போட்டு வெளியே எடுப்பதுதான் முக்கியம். பெருங்குடலிலும் வேறு கட்டி இருக்க வாய்ப்புள்ளதால் கொலோனோஸ்கோப்பி ஒன்றும் செய்துகொள்வது நல்லது.

குடல்வால் அழற்சிக்கு ஆண்டிபயாட்டிக் மட்டும் போதும் என்ற போக்கு இப்போது பரவிவருகிறது. இளையவர்களுக்கு, சிக்கலில்லாத அழற்சிக்கு, அதில் எனக்கு மறுப்பில்லை. 40 வயதைத் தாண்டியவருக்குக் குடல்வாலைச் சுற்றிச் சீழ்க்கட்டி வந்து, மருந்தில் ஆறிவிட்டால், பிறகாவது குடல்வாலை எடுத்துவிடச் சொல்வேன். இப்படிப்பட்ட நோயாளிகளைக் கொண்டு பின்லாந்தில் நடந்து 2019-இல் வெளியான ஆய்வு ஒன்று பாதியிலேயே நிறுத்தப்பட்டது. 60 பேரில் 12 பேரின் குடல்வாலில் கட்டி இருந்தது, அந்த 12 பேரும் 40-ஐக் கடந்தவர்கள்.

மற்றவர்களைச் சொல்லும்போது என் பங்கையும் சொல்லிவிட வேண்டும். பயிற்சி முடித்த புதிதில், சற்றே பருத்திருந்த ஒரு குடல்வாலில் வழக்கம்போல மூன்று துண்டுகள் மட்டும் எடுத்து, அழற்சி என்று எழுதிவைத்தேன். கையெழுத்திடும் முன் ஸ்லைடைப் பார்த்த மூத்த மருத்துவர், சுவரின் வெளிப்புறத்தில் ஒட்டியிருந்த ஒரு துளிக் கோழையைச் சுட்டிக்காட்டி, “மிச்சம் எங்கே?” என்று கேட்டார். வாளியில் இருந்த மிச்சம் இன்னும் அப்புறப்படுத்தப்படவில்லை. முழுவதையும் வெட்டிப் பார்த்தபோது ஒன்பதாம் துண்டில் இருந்தது கட்டி. அன்றுமுதல் கோழை கண்ட குடல்வாலில் ஒரு துணுக்கைக்கூட நான் மிச்சம் வைப்பதில்லை. வெளியே வந்த கோழையில் உயிரணுக்கள் இருக்கின்றனவா என்பதையும் தேடித்தான் ஆகவேண்டும். வெறும் கோழையென்றால் நோய் திரும்பும் வாய்ப்புக் குறைவு, உயிரணுக்கள் இருந்தால் கூடுதல். எதிர்ப்பக்க ஏமாற்றமும் உண்டு: குடல்வாலில் பக்கப்பை உண்டாகி வெடித்தாலும் கோழை வெளியே வரும். அதைக் கட்டியென்று எழுதிவிட்டால், நோயில்லாத ஒருவர் ஆண்டுக்கணக்கில் ஸ்கேன் எடுத்துக்கொண்டு அலைவார்.

அறிக்கை எவ்வளவு கவனமாக எழுதப்பட்டாலும் படிக்கப்படாவிட்டால் பயனில்லை. நான் முன்பு வேலைபார்த்த ஓர் ஊரில், தையல் ஆறிவிட்டதென்று நோயாளி மறுசந்திப்புக்குப் போகவில்லை, எல்.ஏ.எம்.என். என்று தெளிவாக எழுதிய அறிக்கை ஏழு மாதம் கோப்பிலேயே கிடந்தது. அவரைக் கூப்பிட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. குடல்வால் எடுத்தவர்கள் மறுசந்திப்பில் தையலைக் காட்டுவதோடு, திசு ஆய்வு அறிக்கையின் நகலையும் கேட்டு வாங்குங்கள். அதில் மூன்றைத் தேடுங்கள்: சுவர் உடைந்திருந்ததா, வெட்டு விளிம்பு சுத்தமா, வெளியே கோழை இருந்ததா. நிலை என்ற இடத்தில் டி.ஐ.எஸ். என்று இருந்தால் கட்டி தசைச் சுவரைத் தாண்டவில்லை என்று பொருள். எல்.ஏ.எம்.என்.னுக்கு டி1, டி2 என்ற படிகளே கிடையாது. அடுத்தது நேராக டி3, அதன்பின் டி4. ஆசிரியைக்கு டி.ஐ.எஸ்.தான். ஆண்டுக்கொரு முறை ஸ்கேனும் இரத்தப் பரிசோதனையும் செய்துகொள்கிறார். பள்ளி விடுமுறை பார்த்துத்தான் தேதி வாங்குவார்.

லாரி ஓட்டுநருக்குத் தேவைப்பட்டது பெரிய வைத்தியம். வாஷிங்டனில் பால் சுகர்பேக்கர் 1980-களிலிருந்து வளர்த்தெடுத்த முறை அது: கோழை படிந்த உள்ளுறையை உரித்து, ஓமெண்டத்தையும் தேவையானால் மண்ணீரலையும் குடலின் பகுதிகளையும் எடுத்து, கண்ணுக்குத் தெரியும் கட்டி எதுவும் மிஞ்சாத நிலையில், 41 முதல் 43 டிகிரி செல்சியஸ் சூட்டில் மைட்டோமைசின் போன்ற மருந்தை வயிற்றறைக்குள்ளேயே 60 முதல் 90 நிமிடம் ஓடவிடுவார்கள். ஹைபெக் என்பது இந்தச் சூட்டு மருந்துக்குரிய பெயர். முழு அறுவைச் சிகிச்சைக்குப் பத்து மணி நேரம் ஆவதும் உண்டு. 2012-இல் 16 மையங்களின் 2298 நோயாளிகளை வைத்து வெளியான தொகுப்பாய்வில் 10 ஆண்டு கடந்து வாழ்ந்தோர் 63 விழுக்காடு. சிகிச்சையாலேயே இறந்தோர் 2 விழுக்காடு, கடும் பின்விளைவுகளைச் சந்தித்தோர் 24 விழுக்காடு. இந்த எண்களைச் சேர்த்தே நோயாளியிடம் சொல்ல வேண்டும் என்பது என் கருத்து. நரம்பு வழியாக ஏற்றும் கீமோதெரபி குறைந்த தரநிலைக் கோழைக் கட்டியில் பெரிதாக வேலை செய்வதில்லை. இடைக்கிடையே கோழையை மட்டும் உறிஞ்சி எடுப்பது வயிற்றின் பாரத்தைச் சில மாதங்களுக்குக் குறைக்கும், அவ்வளவே.

இதை வழக்கமாகச் செய்யும் குழுவிடம் போவதென்று குடும்பத்தார் முடிவுசெய்தார்கள். கோலாலம்பூரில் அந்தக் குழு ஸ்லைடுகளைத் தாங்களே மீண்டும் பார்க்க வேண்டும் என்று கேட்டது. திசுவைப் பதித்து வைத்த மெழுகுக் கட்டிகளையும் ஸ்லைடுகளையும் ஆய்வகங்கள் ஆண்டுக்கணக்கில் பாதுகாத்து வைத்திருக்கும், இரண்டாம் கருத்துக்கென்று கேட்டால் உரிய படிவத்தில் கையெழுத்து வாங்கிக் கொடுப்போம் என்பது பலருக்குத் தெரிவதில்லை. ஓட்டுநரின் மகனுக்கும் தெரிந்திருக்கவில்லை. பதினான்கு ஸ்லைடுகளையும் தட்டில் அடுக்கி, பஞ்சு வைத்துக் கட்டிக் கொடுத்தேன். இது உடையக்கூடியதா என்று கேட்டார். கண்ணாடிதான், ஆனால் உடைந்தால் மெழுகுக் கட்டியிலிருந்து மறுபடியும் வெட்டித் தரலாம் என்றேன். இருந்தாலும் மறுநாள் காலை பட்டர்வொர்த்தில் ரயிலேறி, கோலாலம்பூர் சென்ட்ரல் வரைக்கும் அந்தப் பொட்டலத்தை மடியிலேயே வைத்திருந்ததாகப் பிறகு சொன்னார்.