போட்டி முடிவுக்காகப் புதுக்கடை நீதிமன்றம் ஏறமுன்

பாடசாலைகளுக்கிடையிலான தமிழ்த்தினப் போட்டிக் காலம் வந்தால் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, தெஹிவளை என்று எல்லாப் பக்கமிருந்தும் பெற்றோர் சட்டத்தரணியான என்னிடம் கேட்பது ஒன்றுதான்: "வலய மட்டத்தில பிள்ளைக்கு அநியாயம் செஞ்சிட்டாங்க சேர், வழக்குப் போடலாமா?"

போடலாம். ஆனால் "என் மகள்தான் நல்லாப் பேசினாள்" என்பது வழக்காகாது. வாட்ஸ்அப் வீடியோவை நீட்டி "நீங்களே பாருங்க" என்பார்கள். நான் பார்த்து என்ன பயன்? மேன்முறையீட்டு நீதிமன்றமும் பேச்சைக் கேட்டுப் புள்ளி போடப் போவதில்லை. இலங்கை அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் எழுத்தாணை (அதிகாரியின் முடிவை இரத்துச் செய்யும் அல்லது தடுக்கும் ‘ரிட்’ கட்டளை) கேட்டுப் போனால், முடிவு எப்படி எடுக்கப்பட்டது என்பதைத்தான் அது ஆராயும். போட்டிச் சுற்றுநிருபத்திலுள்ள நேர வரம்பை எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரே மாதிரிப் பிடித்தார்களா? நடுவர் யாராவது ஒரு போட்டியாளரின் உறவினரா, டியூஷன் ஆசிரியரா? புள்ளித்தாளில் வெட்டித் திருத்தியிருக்கிறதா, கூட்டல் பிழைத்ததா? இவற்றில் ஒன்றுக்காவது ஆதாரம் இருந்தால் உட்கார்ந்து பேசலாம்.

பெற்றோரின் முகம் மாறுவது அடுத்ததைச் சொல்லும்போதுதான். முதலிடம் பெற்ற பிள்ளையையும் மனுவில் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். முடிவு மாறினால் பாதிக்கப்படுபவரை விட்டுவிட்டுப் போட்ட மனு, அந்த ஒரு காரணத்தாலேயே தள்ளுபடியாகலாம். 14 வயதுப் பிள்ளையின் வீட்டுக்கு நீதிமன்ற அறிவித்தல் போகும். இரண்டு பிள்ளைகளும் ஒரே ஸ்கூல் வானில் போகிறவர்களாகவும் இருக்கலாம். கொழும்பில் தமிழ் மேடை அவ்வளவு சிறியது. இதைக் கேட்டபின் பலர் கோப்பை மூடிக்கொண்டு எழுந்துவிடுவார்கள். எனக்கு அதில் வருத்தமில்லை.

சமத்துவ உரிமை மீறப்பட்டதென்று உயர் நீதிமன்றம் போகிறவர்களுக்கு இருப்பது ஒரே ஒரு மாதம். அதற்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையிலிருக்கும் காலம் கணக்கில் சேராது. ஆனால் இந்த வழி அரச அதிகாரிகளின் செயலுக்கு எதிராகத்தான். தனியார் வகுப்போ சங்கமோ நடத்திய போட்டிக்கு இது பொருந்தாது.

நேரம்தான் பெரிய எதிரி. வலய மட்டம் முடிந்ததும் மாகாண மட்டம், பிறகு தேசிய மட்டம். மனு விசாரணைக்கு வரும்போது கிண்ணமும் கொடுத்து முடிந்திருந்தால் நீதிமன்றம் எதைத் தடுப்பது? அதனால் பிள்ளையை அடுத்த மட்டத்தில் பங்குபற்ற விடும்படி இடைக்கால உத்தரவு கேட்கிறோம். கிடைக்கும் என்று எந்தச் சட்டத்தரணியாவது சத்தியம் செய்தால் எழுந்து வந்துவிடுங்கள். கேரளத்துப் பாடசாலைக் கலைப் போட்டியான கலோற்சவத்தில் இப்படி நீதிமன்ற உத்தரவோடு வந்து மேடையேறுவது வருடாந்தத் தலையிடியாகிவிட்டது.

ஆகவே முடிவு வந்த அன்றே, போட்டி விதிகளில் சொன்னவரிடம் எழுத்தில் முறையிடுங்கள். எந்த விதி, எந்த இடத்தில் மீறப்பட்டது என்று மட்டும் எழுதுங்கள். நடுவரின் சாதி சமயமெல்லாம் வேண்டாம். புள்ளித்தாளின் பிரதிக்குத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பிக்கலாம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தன் தீர்மானத்தைச் சொல்லியாக வேண்டும். கடிதத்தைக் கொடுக்கும்போது உங்கள் பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். மறுத்தால் பதிவுத் தபாலில் போட்டு, பற்றுச்சீட்டைப் பத்திரமாக வைத்திருங்கள்.