தானப் பத்திரத்தில் விட்டுப்போன ஒரு வரி

மும்பையில் குஜராத்தி நாடகத்துக்குப் பாதிப் பேர் இடைவேளை படாட்டா வடாவுக்காகப் போவார்கள், மீதிப் பேர் அழுவதற்காக. சமாஜங்கள் (சமூகச் சங்கங்கள்) காட்சியையே மொத்தமாக வாங்கிவிடுவதும் உண்டு. அன்றைக்கு அரங்கு முழுக்கக் குடும்பம் குடும்பமாக இருக்கும். கதையும் பல சமயம் சொத்தும் பிள்ளையும்தான். சௌம்யா ஜோஷியின் '102 நாட் அவுட்' (2018-இல் இந்திப் படமாகவும் வந்தது) நாடகத்தில் 102 வயது அப்பா, 75 வயது மகன், சொத்து என்றால் மட்டும் ஊர் நினைவு வரும் அமெரிக்கப் பேரன். பேரனின் மனசைக் கிழவர் முன்னாலேயே படித்துவிடுகிறார்.

சொத்து வழக்கு பார்க்கிற என் மேஜைக்கு வரும் மகன்களைப் பார்த்தால் அப்படி எதுவும் தெரியாது. அப்பாவைக் கைபிடித்துப் படியேற்றி வருவார்கள். அவருடைய மாத்திரை நேரம் அவர்களுக்குத்தான் தெரியும். மகாராஷ்டிரத்தில் குடியிருக்கும் வீட்டைப் பிள்ளைக்குத் தானமாக எழுத முத்திரைத் தீர்வை வெறும் 200 ரூபாய் (மேல்வரி தனி). "பின்னால் அலைய வேண்டாமே பப்பா" என்கிற பேச்சில் தப்பு ஒன்றும் தெரியாது.

ஆனால் உயிலை எத்தனை முறை வேண்டுமானாலும் மாற்றலாம். தானம் பதிவானால் வீடு அன்றைக்கே கைமாறிவிடும்.

2007-ஆம் ஆண்டின் மூத்த குடிமக்கள் சட்டத்தில் 23-ஆம் பிரிவு இருக்கிறது. பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு சொத்தை வாங்கிக்கொண்டு கவனிக்காமல் விட்டால், கொடுத்தவர் கேட்டுக்கொண்டால், தீர்ப்பாயம் அந்தப் பத்திரத்தை ரத்து செய்யலாம். சிக்கல் அந்த 'நிபந்தனை' என்ற சொல்லில்தான். வழக்கமான பத்திரங்களில் "அன்பினாலும் பாசத்தினாலும்" என்பதோடு நிறுத்திவிடுவார்கள். நிபந்தனை இருந்ததைக் காட்டினால்தான் ரத்து என்று 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஜனவரியில் இந்தச் சட்டத்தைத் தாராளமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்று சொல்லி, மத்தியப் பிரதேசத்துத் தாய் ஒருவருக்குச் சொத்தைத் திருப்பித் தர உத்தரவிட்டது. நல்லது. ஆனாலும் எழுபது வயதுக்கு மேல் உச்ச நீதிமன்றம் வரை யார் ஏறி இறங்குவது?

அதனால் தானம்தான் என்று பிடிவாதமாக இருப்பவர்களிடம் இரண்டு விஷயம் சொல்வேன். சாகும்வரை அந்த வீட்டில் வசிக்கும் உரிமையைப் பத்திரத்திலேயே வைத்துக்கொள்ளுங்கள். சாப்பாடு, மருந்து, கவனிப்பு எல்லாவற்றையும் நிபந்தனையாகவே எழுதுங்கள். "பார்த்துக்கொள்வான் என்று நம்புகிறேன்" என்று எழுதினால் அது நிபந்தனை ஆகாது.

மும்பை காட்கோபர் பகுதிப் பெரியவர் ஒருவருக்கு அப்படி வரைவு போட்டேன். மகன் இரண்டு முறை படித்துவிட்டு, "என்மேல் நம்பிக்கை இல்லையா பப்பா?" என்றான். அவர் என்னைப் பார்த்தார். நான் டீ சொன்னேன். அவ்வளவுதான் என்னால் முடிந்தது.

அடுத்த வாரம் பெரியவர் தனியாக வந்தார். படியேற நேரமாகிவிட்டதாம். மூச்சு வாங்கி முடித்ததும், "வகீல் சாஹேப், உயிலே எழுதிவிடலாம்" என்றார்.